லெச்சூசா குன்றின் அட்டை வீடுகள்

“இதுல யாருக்கு என்ன லாபம்?” என்று கேட்டாள் நெலிதா ஒர்ரெகோ. கேட்பதற்காக டாக்ஸியை நடுத்தெருவிலேயே நிறுத்தியிருந்தாள். பின்னால் வந்த ரொட்டி வேன்காரன் ஹாரனை அழுத்தியும் அவள் அசையவில்லை.

பல வருடங்களாக மூடிக் கிடந்த மருந்துக்கடைக்குப் பச்சைச் சாயம் அடித்து, வாசலுக்கு மேலே ‘நகரக் கூடம்’ என்று பலகை மாட்டிக்கொண்டிருந்தார்கள். ஏணியில் நின்ற ஆள் குனிந்து பார்த்து, லாபமெல்லாம் கிடையாது, இது பொதுச்சேவை என்றான். கட்டடங்களைப் பற்றியும் தெருக்களைப் பற்றியும், ஊர் எப்படி இருக்க வேண்டும் என்பது பற்றியும் ஜனங்கள் கூடிப் பேசும் இடமாம். யார் வேண்டுமானாலும் உள்ளே வரலாமாம். கட்டணம் இல்லையாம்.

‘கட்டணம் இல்லை’ என்றதும் நெலிதா அதற்குமேல் கேட்க நிற்கவில்லை. கியரைப் போட்டு மேலே ஏறினாள்.

வல்பரைசோவில் துறைமுகத்துக்கும் லெச்சூசா குன்றின் உச்சிக்கும் இடையே ஷேர் டாக்ஸி ஓட்டுகிறவள் அவள். ஐம்பத்தாறு வயது. குன்றின் குடியிருப்போர் மன்றத்துக்குத் தலைவியும் அவள்தான். ஒரு நாளில் குன்றில் யார் இறங்கினார்கள், யார் ஏறினார்கள், யார் யாரோடு பேச்சை நிறுத்தினார்கள் என்பதெல்லாம் அவள் வண்டிக்குள் வந்துதான் வெளியே போகும்.

அவளுடைய சந்தேகத்துக்குக் காரணம் இருந்தது. முன்பொரு தடவை இப்படித்தான் சில படித்த பிள்ளைகள் வண்ணக் காகிதங்களோடு வந்தார்கள். உங்கள் கனவை எழுதுங்கள் என்றார்கள். நெலிதாவின் உயிர்த்தோழி கிளாதிஸ், கடலைப் பார்த்து உட்கார ஒரு பெஞ்சு வேண்டும் என்று எழுதினாள். இரண்டு வருடம் கழித்து அந்தப் பெஞ்சு வந்தது. பெஞ்சுக்குப் பின்னாலேயே பன்னிரண்டு மாடிக் குடியிருப்பும் வந்தது. கிளாதிஸின் வீடுதான் அங்கே இல்லை. இப்போது அவள் ரயில் ஏறிப் போகிற தூரத்தில், கடலே கண்ணில் படாத ஊரில் இருக்கிறாள். கிறிஸ்துமஸுக்குக் குரல் செய்தி அனுப்புவாள். அதை முழுதாகக் கேட்க நெலிதாவுக்குத் தெம்பு வராது.

அன்று சாயங்காலம் மன்றத்துச் செயலாளர் ஒஸ்வால்தோ கதலானிடம் விஷயத்தைச் சொன்னாள். துறைமுகத்தில் கிரேன் ஓட்டி ஓய்வுபெற்றவர், மனைவியை இழந்தவர். நெலிதாவின் மகளுக்கு ஞானஸ்நானத்தில் கைப்பிடித்து நின்ற ஞானத்தகப்பன். அந்த முறையில் அவள் அவரை ‘கொம்பாத்ரே’ என்பாள், அவர் அவளை ‘கொமாத்ரே’ என்பார். குன்றிலேயே பெரிய குரல் அவருடையது. கிரேன் மேலிருந்து கீழே கத்திப் பழகிய குரல்.

“இனாமா குடுக்க வர்றவன் நம்ம வீட்டு ஜன்னலை எண்ணிட்டுத்தான் போவான், கொமாத்ரே. யாரும் அந்தப் பக்கம் தலைவச்சுப் படுக்கக் கூடாதுன்னு சொல்லிடு” என்றார் அவர்.

நெலிதா வேறு மாதிரி நினைத்தாள். ஒதுங்கி நின்றதால்தான் போன தடவை ஒன்றும் தெரியாமல் போனது. இந்தத் தடவை உள்ளேயே போய் உட்கார்ந்து பார்ப்பது என்று முடிவு செய்தாள். ஒஸ்வால்தோவுக்கு அது பிடிக்கவில்லை. உன்னைப் பேசி மயக்கிவிடுவார்கள் என்றார். என்னை மயக்க இனிமேல் ஒருத்தன் பிறந்து வரணும் என்றாள் அவள்.

கூடத்தை நடத்தியவள் கான்ஸ்தான்சா எச்செனிகெ. தலைநகரத்துப் பெண், கட்டடக்கலை படித்தவள், வயது முப்பத்தைந்து இருக்கலாம். பணக்கார வம்சங்களுக்கு உரிய அந்தக் குடும்பப் பெயரைக் கேட்டதுமே நெலிதா ஒரு கணக்குப் போட்டுக்கொண்டாள். அந்த மாதிரிப் பெயர் உள்ளவர்கள் குன்றுக்கு வந்தால் புகைப்படம் எடுக்க வருவார்கள், இல்லாவிட்டால் எதையாவது எடுக்க வருவார்கள். ஆனால் இந்தப் பெண்ணின் காலணியில் குன்றின் சிவப்பு மண் அப்பியிருந்தது. பேசும்போது எதிராளி முடிக்கும்வரை காத்திருந்தாள். இதுவும் ஒரு தந்திரமாக இருக்கலாம் என்று நெலிதா மனத்தில் குறித்துக்கொண்டாள்.

கூடத்தின் நடுவே ஒரு பெரிய மேஜை. அதன்மேல் ஒட்டுப்பலகை அடுக்கி லெச்சூசா குன்றையே செய்து வைத்திருந்தார்கள். ஓடைப்பள்ளங்கள், வளைவுகள், படிக்கட்டுகள், உச்சியில் பழைய தண்ணீர்த் தொட்டி நின்ற சமதரை, எல்லாம் இருந்தன. வீடுகள் மட்டும் இல்லை. குன்று மொட்டைத் தலையோடு கிடந்தது. அவரவர் வீட்டை அவரவரே அட்டையில் செய்து அதனதன் இடத்தில் வைக்க வேண்டும் என்றாள் கான்ஸ்தான்சா. எல்லா வீடும் வந்தபின், அந்தச் சமதரையில் என்ன வரலாம் என்று எல்லோரும் மேஜையைச் சுற்றி நின்று பேசுவார்கள். பேசி முடிவானதைக் கூடம் நகராட்சிக்குக் கொண்டுபோகும்.

“எங்க வீடு எங்க இருக்குன்னு எங்களுக்குத் தெரியும். அட்டையில செஞ்சு யாருக்குக் காட்டணும்?” என்றாள் நெலிதா.

“உங்களுக்கேதான் காட்டணும், சென்யோரா நெலிதா. மேலேயிருந்து மொத்தமா நீங்க பாத்ததே இல்லையே” என்றாள் கான்ஸ்தான்சா.

நல்ல பதிலாகத்தான் இருந்தது. நல்ல பதில் சொல்கிறவர்களிடம்தான் நெலிதாவுக்கு அதிகப் பயம்.

சனிக்கிழமை மதியங்களில் டாக்ஸியை ஓரம் கட்டிவிட்டு, வீட்டிலிருந்து சொந்தத் தேநீர்க் குடுவையோடு வந்து, கூடத்துக் கதவோரம் கையைக் கட்டிக்கொண்டு உட்காருவாள். அவர்கள் கொடுக்கிற காப்பியைத் தொட மாட்டாள். வருகிறவர்கள் முதலில் அவள் முகத்தைப் பார்ப்பார்கள், அப்புறம்தான் மேஜையைப் பார்ப்பார்கள். முதல் வாரம் நாலைந்து வீடுதான் வந்தது. தையல்காரி ரொஸால்பா தன் வீட்டைச் செய்து வைத்தாள். மாடியில் தொங்கும் துணிகளைக்கூடக் கத்தரித்து ஒட்டியிருந்தாள். அதைப் பார்த்துப் பக்கத்து வீட்டுக்காரர் வந்தார். அதைப் பார்த்து இன்னொருவர் வந்தார். கறிக்கடைக்காரர் தன் கடையைச் செய்துவிட்டு, கையோடு எதிர்க்கடையையும் செய்தார், கொஞ்சம் சின்னதாக.

ஒரு சனிக்கிழமை யாரோ நெலிதாவின் எதிர்வீட்டைத் தப்பான திசை பார்க்க வைத்துவிட்டார்கள். அவளால் பொறுக்க முடியவில்லை. எழுந்துபோய்த் திருப்பி வைத்தாள். பக்கத்தில் தன் வீட்டு இடம் வெறுமையாகக் கிடந்தது கண்ணை உறுத்தியது. அடுத்த வாரம் அவள் வீடும் வந்தது. நீலச் சாயம், துருப்பிடித்த தகரக் கூரை, வாசலில் தீக்குச்சியால் செய்த கைப்பிடிக் கம்பி. உளவு பார்க்க வந்தவள் விரலெல்லாம் பசையோடு நின்றாள். தனக்கு அது பிடித்துப்போனதே அவளுக்குச் சந்தேகமாக இருந்தது. வண்ணக் காகிதத்தில் எழுதும்போது கிளாதிஸுக்கும் இப்படித்தான் சந்தோஷமாக இருந்திருக்கும்.

அந்த நாட்களில்தான் அந்த மனிதர் வண்டியில் ஏறினார்.

துறைமுகத்தில், வரிசையில் நின்று ஏறினார். எழுபதை ஒட்டிய வயது, நல்ல கம்பளிக் கோட்டு. முன்சீட்டில் உட்கார்ந்தார். புதிதாகக் குன்றேறுகிறவர்கள் இரண்டாவது வளைவில் கழுத்தைத் திருப்பிக் கடலைப் பார்ப்பார்கள். அப்படித் திரும்பிப் பார்க்காத புது ஆளை நெலிதா இதுவரை ஏற்றியதில்லை. இவர் திரும்பவில்லை. தெருவின் ஓரச்சுவரையே பார்த்துக்கொண்டு வந்தார். மேலே தண்ணீர் ஒழுங்காக வருகிறதா என்று விசாரித்தார். அப்புறம், இந்த வளைவில் கான்கிரீட் கலவை லாரி திரும்புமா என்று ரொம்பச் சாதாரணமாகக் கேட்டார்.

“குப்பை லாரியே மூணு தடவை முன்னே பின்னே போய்த்தான் திரும்புது” என்றாள் நெலிதா.

அவர் தலையை ஆட்டிக்கொண்டார். பழைய மருந்துக்கடைக்குச் சற்று மேலே இறங்கி, கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நடந்தார். கண்ணாடியில் அவர் முதுகு மறையும்வரை நெலிதா வண்டியை எடுக்கவில்லை. பின்சீட்டுப் பெண்மணி இருமிக் காட்டினாள்.

அடுத்த வாரமும் அவர் வந்தார். இந்தத் தடவை சொந்தக் காரில், சாம்பல் நிறம். நெலிதா கீழே இறங்கும்போது அந்தக் கார் மேலே ஏறியது. அதற்கு இரண்டு நாள் கழித்து, துறைமுகத்தில் பயணிகளுக்காகக் காத்திருந்தபோது எதிரே மீன் சாப்பாட்டுக்கடை ஜன்னலில் அவரையே பார்த்தாள். எதிரில் கான்ஸ்தான்சா. அவர் ஏதோ சொல்லச் சொல்ல அவள் தலையைக் குனிந்துகொண்டிருந்தாள். கடைசியில் அவர் கையை நீட்டி அவள் கன்னத்தைத் தட்டினார்.

பயணிகள் ஏறிக் கதவைச் சாத்தியதுகூடத் தெரியாமல் நெலிதா அப்படியே உட்கார்ந்திருந்தாள். பார், விரலில் பசை ஒட்டிக்கொண்டு நின்றாயே என்று தன்னையே திட்டிக்கொண்டாள்.

நேரே ஒஸ்வால்தோவிடம் போனாள். தெருவையொட்டி ஒரு பெரிய முற்றம், அதில் ஒரு எலுமிச்சை மரம், முற்றத்திலிருந்து செங்குத்தாக இறங்கும் படிகள், படிகளின் அடியில் அவர் வீடு. நடந்ததை ஒன்று விடாமல் சொன்னாள். அவர் தேநீரில் சர்க்கரை கரைந்த பிறகும் கரண்டியைச் சுற்றிக்கொண்டே இருந்தார்.

“ஆளு பேரு தெரியுமா?” என்று கேட்டார்.

“தெரியாது. கட்டடம் கட்டுறவன்னு மட்டும் தெரியும். லாரி திரும்புமான்னு வேற எவன் கேப்பான்?”

அவர் கரண்டியைக் கீழே வைத்துவிட்டுக் கோப்பைக்குள் பார்த்தார். கோபத்தில் வார்த்தை வரவில்லை என்று அவள் எடுத்துக்கொண்டாள். சனிக்கிழமை எல்லோர் முன்னாலும் கேட்டுவிடுகிறேன், பக்கத்தில் நீங்கள் நிற்க வேண்டும் என்றாள். நிற்கிறேன் என்றார்.

சேதி குன்றெல்லாம் பரவியது. பாதி அவள் வண்டியிலேயே பரவியது. சனிக்கிழமை கூடத்தில் நிற்க இடமில்லை. மேஜைமேல் குன்று முழுதாக வீடுகளால் நிறைந்து அழகாகத்தான் இருந்தது. அன்று அதை யாரும் பார்க்கவில்லை.

நெலிதா எழுந்தாள். வண்டியில் வந்த மனிதரைப் பற்றியும் அவர் கேட்ட கேள்விகளைப் பற்றியும் மீன்கடை ஜன்னலைப் பற்றியும் சொன்னாள். கன்னத்தைத் தட்டியதைச் சொன்னபோது பின்னால் யாரோ சிரித்தார்கள். கள்ளக்காதலன்டா என்று ஒரு குரல் வந்தது. கான்ஸ்தான்சாவின் முகம் சுண்ணாம்பாக வெளுத்தது.

“அவர் பேரு அகுஸ்தின் எச்செனிகெ. என் அப்பா” என்றாள்.

சிரிப்பு அடங்கியது.

“அவருக்கு என்ன தொழில்?” என்றாள் நெலிதா.

“கட்டட நிறுவனம் வச்சிருக்கார்.”

“இந்த மருந்துக்கடைக்கு வாடகை யார் குடுக்கிறது?”

அந்தப் பெண் பொய் சொல்லியிருக்கலாம். யாருக்கும் தெரிந்திருக்காது. அவள் மேஜை விளிம்பைப் பிடித்துக்கொண்டு, அப்பாதான் என்றாள். எந்த நிபந்தனையும் இல்லை என்று சொல்லித்தான் கொடுத்தார், நானும் அதை நம்பினேன் என்றாள். அவர் குன்றுக்கு வந்துபோவது அந்த மீன்கடையில் அவர் வாயாலேயே சொல்லும்வரை தெரியாது என்றாள். வராதீர்கள் என்று சொல்லிவிட்டு வந்தேன் என்றாள். சொல்லச் சொல்ல அவள் குரல் தேய்ந்துகொண்டே போனது.

கறிக்கடைக்காரர்தான் முதலில் போய்த் தன் கடையைப் பிடுங்கினார். எதிர்க்கடையை அங்கேயே விட்டுவிட்டார். பிறகு ரொஸால்பா, அவளுக்குப் பின் மற்றவர்கள். அவரவர் வீட்டைக் கையில் ஏந்திக்கொண்டு வரிசையாகக் கதவைத் தாண்டிப் போனார்கள். தீ விபத்தில் பொருளை எடுத்துக்கொண்டு வெளியேறுகிறவர்கள் மாதிரி இருந்தது. குன்று மறுபடியும் மொட்டையானது.

நெலிதா ஜெயித்துவிட்டாள். ஆனால் ஜெயித்த மாதிரி இல்லை. கதவோரம் நின்று ஒவ்வொரு கையாகப் பார்த்துக்கொண்டிருந்தாள். எல்லோர் கையிலும் ஒரு வீடு இருந்தது. ஒஸ்வால்தோ கதலான் மட்டும் வெறுங்கையோடு வெளியே போனார்.

அப்போதுதான் அவளுக்கு உறைத்தது. குன்றிலேயே பெரிய குரல்காரர், நிற்கிறேன் என்று சொன்னவர், இவ்வளவு நேரம் சுவரோரம் நின்று ஒரு வார்த்தைகூடப் பேசவில்லை. அட்டை வீடு செய்யச் சொன்னபோதெல்லாம் முதுகு வலி, கண் தெரியவில்லை, அப்புறம் பார்க்கலாம் என்றவர்.

அந்த எண்ணத்தை உதறப் பார்த்தாள். ஞானத்தகப்பன். அவள் புருஷன் செத்தபோது சவப்பெட்டியின் முன்பக்கத்தைத் தூக்கியவர். ஆனால் சந்தேகம் அவளுக்கு இத்தனை வருடம் சோறு போட்ட குணம். வேண்டாம் என்றால் போய்விடுமா?

கூடம் காலியானபின் கான்ஸ்தான்சா மேஜைமேல் உதிர்ந்த அட்டைத் துண்டுகளைப் பொறுக்கிக்கொண்டிருந்தாள். அழவில்லை, மூக்கு மட்டும் சிவந்திருந்தது. நெலிதா அவள் எதிரில் போய் நின்றாள்.

“உங்க அப்பா மாதிரி ஒருத்தர் இங்க பெருசா கட்டணும்னா, எந்த வழியா வருவார்?”

கான்ஸ்தான்சா குனிந்து, மொட்டைக் குன்றின்மேல் விரலை வைத்தாள். கடலைப் பார்த்த இந்தச் சரிவுதான் எல்லோர் கண்ணிலும் படும் இடம். ஆனால் இங்கே இருக்கும் மனைகள் எல்லாம் படிக்கட்டை நம்பியவை, தெருவைத் தொடாதவை. உயரமாகக் கட்ட வேண்டுமானால் தெருவோடு அகலமாகச் சேர்கிற ஒரு மனை வேண்டும். லாரி வர, கார்கள் போக. அது கிடைத்தால் மற்றதை ஒவ்வொன்றாக வாங்கலாம். அது கிடைக்காவிட்டால் மற்றது எதற்கும் உதவாது.

“அப்படி ஒண்ணே ஒண்ணுதான் இருக்கு” என்று அவள் விரல் தெருவோரமாக நகர்ந்து நின்றது. “இது. இது யாரோடதுன்னு எனக்குத் தெரியல. இங்க மட்டும் யாரும் வீடு வைக்கல.”

நெலிதாவுக்குத் தெரியும். அந்த முற்றத்து எலுமிச்சைதான் அவள் மகளுக்குச் சளி பிடிக்கும்போதெல்லாம் தேநீரில் பிழியப்பட்டது.

மறுநாள் மாலைத் தேநீர் வேளையில் சூடான மார்ராகெத்தா ரொட்டி வாங்கிக்கொண்டு போனாள். ஒஸ்வால்தோ வெண்ணெய்ப்பழத்தை மசித்து உப்புப் போட்டு வைத்திருந்தார். இரண்டு பேரும் கொஞ்ச நேரம் மழையைப் பற்றிப் பேசினார்கள். பிறகு அவள் கேட்டாள், குரலை உயர்த்தாமல்.

“அந்தக் கோட்டுக்காரர் இங்க வந்தாரா, கொம்பாத்ரே?”

அவர் மறுக்கவில்லை. ரொட்டியைக் கீழே வைத்தார்.

“வந்தார். மூணு தடவை.”

“என்ன சொன்னீங்க?”

“சரின்னேன். கையெழுத்து இன்னும் போடல. கை குடுத்திருக்கேன்.”

“யாரும் அந்தப் பக்கம் போகக் கூடாதுன்னு முதல் நாளே சொன்னது நீங்கதானே?”

“எல்லாரும் கூடி நின்னு பேசினா என் முற்றம்தான் கண்ணுல படும்னு தெரியும். ஆனா அவ அந்த ஆளோட மகள்னு சத்தியமா எனக்குத் தெரியாது.” அவர் முழங்காலைத் தடவிக்கொண்டார். “கொமாத்ரே, நீ ஊர்ல இருக்கிற ஒவ்வொருத்தனையும் உத்துப் பாக்கிறே. நான் இந்தப் படியில எப்படி ஏறி இறங்குறேன்னு என்னைக்காவது பாத்தியா? போன குளிர்காலத்துல ரெண்டு வாரம் நான் மேல வரவே இல்ல. சளின்னு சொன்னேன். சளி இல்ல. முட்டி மடங்கல. கில்புவே ஊர்ல என் மக வீட்டுப் பக்கத்துல சமதரையில ஒரு சின்ன வீடு. அவ்வளவுதான் கேட்டேன். மாடிக் கட்டடமா கேட்டேன்?”

திட்டுவதற்காக வந்த நெலிதா அவர் முழங்காலையே பார்த்துக்கொண்டிருந்தாள். அந்த இரண்டு வாரமும் சூப் செய்து கொடுத்தனுப்பியது நினைவில் இருந்தது. படியிறங்கிப் போய்ப் பார்க்காததும் நினைவுக்கு வந்தது.

எழுந்திருக்கும்போது, அடுத்த கூட்டத்தில் நீங்களே எழுந்து சொல்லிவிடுங்கள் என்றாள். நான் உங்கள் பெயரைச் சொல்ல மாட்டேன், ஆனால் விஷயத்தைச் சொல்லாமல் இருக்கவும் மாட்டேன் என்றாள். அவர் வாசல்வரை வரவில்லை.

கூட்டத்தை மருந்துக்கடையில் வைக்க யாரும் சம்மதிக்கவில்லை. தன்னார்வத் தீயணைப்பு வீரர்களின் கொட்டகையில், வண்டியை வெளியே நிறுத்திவிட்டுக் கூடினார்கள். நெலிதா கான்ஸ்தான்சாவையும் வரச்சொல்லியிருந்தாள். அதற்கே பாதிப் பேர் முணுமுணுத்தார்கள். ஒஸ்வால்தோவைக் காணவில்லை.

நெலிதா எழுந்து நின்றாள். மனத்துக்குள் பெயர் தயாராக இருந்தது. நாக்குக்கு வந்துவிட்டது. அந்த நேரம் கடைசி வரிசைக்குப் பின்னால், கதவுக் கம்பத்தைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்கியபடி அவர் வந்து நின்றதைப் பார்த்தாள். அவள் வேறு மாதிரிக் கேட்டாள்.

“நம்ம வீட்டை விலை பேச ஆள் வந்திருக்கு. யார் யார்கிட்ட வந்துச்சோ, கையைத் தூக்குங்க. நான் யாரையும் திட்ட மாட்டேன்.”

தகரக் கூரையில் ஒரு புறா நடக்கும் சத்தம் கேட்டது. பிறகு ரொஸால்பாவின் கை மெல்ல உயர்ந்தது. நெலிதா திடுக்கிட்டாள். அவள் நினைத்த கை அதுவல்ல. என்கிட்ட மட்டும்தான் கேட்டதா சொன்னாங்க, வெளியே சொல்லக் கூடாதுன்னாங்க என்றாள் ரொஸால்பா. அதைக் கேட்டதும் இன்னொரு கை உயர்ந்தது, அப்புறம் இன்னொன்று. கறிக்கடைக்காரர் முகம் சிவந்து, கடைக்கு மட்டும்தான் கேட்டாங்க, நான் முடியாதுன்னுதான் சொன்னேன், கொஞ்சம் யோசிச்சேன் என்றார். சரிவில் இருக்கிற பாதி வீட்டுக்காரர்கள் கை தூக்கிவிட்டார்கள். இத்தனை நாளாக ஒவ்வொருவரும் தான் மட்டும்தான் என்று நினைத்து, பக்கத்து வீட்டுக்காரன் முகத்தைப் பார்க்க முடியாமல் திரிந்திருக்கிறார்கள். கடைசியாக, கதவோரம், அந்தப் பழைய கிரேன்காரரின் கை உயர்ந்தது.

“நான்தான் முதல்ல சரின்னேன்” என்றார். “வழி என் முற்றத்துல இருக்கு.”

கொட்டகையில் இரைச்சல் எழுந்தது. ஒருவன் துரோகி என்றான். அவன் கையும் சற்றுமுன் மேலே இருந்ததைப் பக்கத்தில் நின்றவள் ஞாபகப்படுத்தினாள். அவன் உட்கார்ந்தான்.

அதற்குப் பின் நடந்தவற்றில் பெரிய சண்டை ஒன்றும் இல்லை. ஒஸ்வால்தோ கொடுத்த வாக்கைத் திரும்பப் பெற்றுக்கொண்டார். முற்றமும் கிடைக்காது, சரிவில் யாரும் விற்கப்போவதும் இல்லை என்று தெரிந்ததும் சாம்பல் நிறக் கார் வருவது குறைந்தது, பிறகு நின்றது. அகுஸ்தின் எச்செனிகெ மருந்துக்கடை வாடகையையும் நிறுத்தினார். மகள் சாவியைத் திருப்பிக் கொடுத்த பிறகுதான் நிறுத்தினார் என்று ரொஸால்பா சொன்னாள். அதற்கு முன்பே நிறுத்திவிட்டார், வேறு வழியில்லாமல்தான் சாவியைக் கொடுத்தாள் என்று கறிக்கடைக்காரர் சொன்னார். நெலிதா இரண்டையும் கேட்டுக்கொண்டாள். எதையும் முழுசாக நம்பவில்லை.

குன்று மேஜை தீயணைப்புக் கொட்டகைக்கு மாறியது. மூன்று துண்டாகப் பிரித்து மூன்று ஷேர் டாக்ஸிகளின் கூரையில் கட்டிக் கொண்டுபோனார்கள். தங்கள் வீட்டை மறுபடியும் கொண்டுவந்து வைத்தவர்கள் பலர். வைக்காதவர்களும் உண்டு. அந்த இடங்களை அப்படியே விட்டார்கள். கொட்டகையில் நடக்கும் பேச்சில் முதல் விஷயம் சமதரை அல்ல, படிக்கட்டு என்று நெலிதா அடித்துச் சொன்னாள். எந்தெந்தப் படியில் யார் யார் முட்டி நிற்கிறது என்று ஒவ்வொரு தெருவாகக் கேட்டார்கள். சளி என்று சொல்லிப் படுத்துக்கிடந்தவர்கள் நிறையப் பேர் இருந்தார்கள். கைப்பிடிக் கம்பிகளுக்கும் ஓய்வு மேடைகளுக்கும் கான்ஸ்தான்சா வரைந்து கொடுத்தாள். நகராட்சி பரிசீலிப்பதாகச் சொன்னது. இப்போதும் பரிசீலித்துக்கொண்டுதான் இருக்கிறது.

ஒஸ்வால்தோ அதற்காகக் காத்திருக்கவில்லை. வீட்டை மருத்துவமனைத் தாதி ஒருத்திக்கு வாடகைக்கு விட்டுவிட்டுக் கில்புவேயில் மகள் வீட்டுக்குக் கிளம்பினார். கிளம்பும் நாளில் அவரே நெலிதாவைக் கூப்பிடவில்லை. அவளாக வண்டியைக் கொண்டுபோய் முற்றத்து வாசலில் நிறுத்தினாள். பெட்டிகளை அவளே ஏற்றினாள். முதல் வளைவு தாண்டியதும் அவர் தொண்டையைச் செருமினார்.

“அந்தப் பொண்ணை இப்ப நம்புறியா, கொமாத்ரே?”

“நம்பல. கொட்டகைச் சாவியில ஒண்ணு என்கிட்ட இருக்கு.”

“என்னை?”

நெலிதா கியரை மாற்றினாள். எதிரே தண்ணீர் லாரி ஏறி வந்துகொண்டிருந்தது. அதற்கு ஒதுங்கி வழி விட்டாள். லாரி கடந்து போனபின்னும் அவள் உடனே வண்டியை எடுக்கவில்லை.

“ஞாயித்துக்கிழமை உங்க மக வீட்டுக்கு வருவேன். வீடு சமதரையிலதான் இருக்கான்னு என் கண்ணால பாக்கணும்” என்றாள்.

அவர் சிரித்தாரா இருமினாரா என்று அவளுக்குத் தெரியவில்லை. கண்ணாடியில் பார்த்தாள். அவர் கழுத்தைத் திருப்பிக் கடலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.